மேரி பிரவுனாக நடித்தவருக்கு ஒரு பெயர் இருக்கிறது

மௌனப் படங்களைக் காத்துவரும் காப்பகங்களில் விவரப்பட்டியல் எழுதுவோருக்கும், அந்தப் படங்களை ஊர் ஊராகத் திரையிடும் குழுவினருக்கும்,

வணக்கம்.

உங்களிடம் ஒரு வேண்டுகோள் வைக்கத்தான் இந்த மடல். அதற்கு முன்னால், அது எங்கிருந்து கிளம்பியது என்று சொல்லிவிடுகிறேன்.

போன மாதம் ஒரு ஞாயிறு மத்தியானம். சாப்பிட்டு முடித்து அம்மாவும் நானும் கூடத்தில் உட்கார்ந்திருந்தோம். டிவியில் பார்க்கும்படியாக ஒன்றும் இல்லை. லேப்டாப்பை எடுத்து ஒரு பழைய அமெரிக்க மௌனப் படத்தைப் போட்டேன். 1912-இல் வைட்டகிராஃப் நிறுவனம் எடுத்த 'எ க்யூர் ஃபார் போக்கரைட்டிஸ்'. தமிழில் சொன்னால் 'சீட்டாட்டக் காய்ச்சலுக்கு மருந்து'. ஒரே ரீல்தான், கால் மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். அம்மாவுக்கு ஆங்கிலம் தெரியாது. எழுத்து வரும் இடங்களில் நான் சொல்லிக்கொண்டே வந்தேன். பாதிக்கு மேல் அதுவும் தேவைப்படவில்லை.

கதை சின்னது. ஜார்ஜ் பிரவுன் வாராவாரம் போக்கர் ஆடப் போய்த் தோற்றுவிட்டு வருகிறவன். இனிமேல் சீட்டைத் தொடமாட்டேன் என்று மனைவி மேரியிடம் சத்தியம் செய்கிறான். அந்தச் சத்தியத்துக்கு ஆயுள் குறைச்சல். நண்பன் ஒருவன் வழி சொல்லிக்கொடுக்கிறான்: 'விடியலின் புதல்வர்கள்' என்ற சங்கத்தில் நம்மைச் சேர்த்துக்கொண்டிருக்கிறார்கள், வாரம் ஒரு கூட்டம் என்று வீட்டில் சொல்லிவிடுவோம். அப்படி ஒரு சங்கமே கிடையாது. ஆனால் அந்தப் பொய் நம்பும்படியான பொய். அன்றைய அமெரிக்காவில் ஆண்களுக்கென்று இப்படிப்பட்ட சகோதரச் சங்கங்கள் ஊருக்கு ஊர் இருந்தன. சடங்கு, ரகசியம், உறுதிமொழி எல்லாம் உண்டு. உள்ளே என்ன நடக்கிறது என்று மனைவி கேட்கக் கூடாது, கணவன் சொல்லவும் கூடாது. பொய் சொல்லிவிட்டு வெளியே போவதற்கு அதைவிட வசதியான இடம் எங்கே கிடைக்கும்?

எங்கள் வீட்டிலும் இந்தக் கதை ஓடியிருக்கிறது. அப்பா மனமகிழ் மன்றத்துக்குப் போய்வந்த வருஷங்கள் கொஞ்சநஞ்சமில்லை. அம்மாவிடம் 'கூட்டம் இருக்கு' என்றுதான் சொல்லிவிட்டுப் போவார். அதனால் அம்மா இந்தப் படத்தைப் பார்த்த விதமே வேறு. அவள் சிரிப்பாள் என்று நான் நினைத்த இடங்களில் சிரிக்கவில்லை. ஜார்ஜ் தூக்கத்தில் உளறும் இடம் வந்தது. அங்கே வாய்விட்டுச் சிரித்தாள்.

அந்தக் காட்சியை நீங்களும் இன்னொரு தடவை பாருங்கள். படத்தில் சத்தம் கிடையாது. ஜார்ஜ் உளறுவது நம் காதில் விழாது, மேரியின் காதில்தான் விழுகிறது. அவன் உதடு அசைவதை மட்டும்தான் நாம் பார்க்கிறோம். அது எவ்வளவு பெரிய விஷயம் என்பதை அவளிடமிருந்துதான் தெரிந்துகொள்ள வேண்டும். காட்சியின் முழுப் பாரத்தையும் அந்த நடிகை தன் ஒல்லியான உடம்பிலும் நீண்ட முகத்திலும் தாங்குகிறார். ஒரு பெண் சந்தேகப்படுவதிலிருந்து தெரிந்துகொள்வதற்கு நகர்கிற நேரம் அது. ஒரு வசனம் இல்லாமல் அது நடந்துவிடுகிறது.

அப்புறம் அம்மா கேட்டாள்: "இந்தப் பொண்ணு பேரு என்னடி?"

"மேரி" என்றேன்.

"அது கதையில. நடிச்சவ பேரு?"

எனக்குப் பெயர் தெரியும், சொன்னேன். ஆனால் எனக்கு அது எப்படித் தெரிந்தது என்று யோசித்தபோதுதான் மனசு கனத்தது. இந்தப் படத்தை நான் முதல்முதலில் பார்த்தது சில வருஷங்களுக்கு முன், ஒரு திரையிடலில். எந்தக் குழு என்பது இங்கே தேவையில்லை. அவர்கள் கொடுத்த துண்டறிக்கை இன்னும் என்னிடம் இருக்கிறது. 'ஜான் பன்னி நடித்த நகைச்சுவை. நச்சரிக்கும் மனைவியிடமிருந்து தப்பிக்கப் பார்க்கும் கணவனின் கதை.' அவ்வளவுதான். அந்த மனைவியாக நடித்தவரின் பெயர் அதில் இல்லை. நான் தனியாகத் தேடித்தான் தெரிந்துகொண்டேன்.

ஃப்ளோரா ஃபின்ச். இங்கிலாந்தில் பிறந்தவர். நாடக மேடையிலிருந்து சினிமாவுக்கு வந்து, நியூயார்க்கின் புரூக்ளின் பகுதியில் இருந்த வைட்டகிராஃப் ஸ்டூடியோவில், இந்தப் படத்தில் ஜார்ஜாக வரும் ஜான் பன்னியோடு ஜோடியாக நடித்தவர். பன்னி 1863-இல் பிறந்தவர், நாற்பது வயதைத் தாண்டியபின் 1910-இல் மேடையை விட்டுவிட்டுப் படத்துக்கு வந்தார். உருண்டை உடம்பு, உருண்டை முகம். ஐந்தே வருஷத்தில் நூற்றைம்பதுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார், உலகம் முழுக்கத் தெரிந்த முகமானார், 1915 ஏப்ரல் 26 அன்று இறந்துபோனார். அவர் புகழுக்கு நான் எதிரியில்லை. அந்த முகத்தை யாரால் வெறுக்க முடியும்? ஆனால் அன்றைய ரசிகர்கள் இந்த ஜோடிப் படங்களுக்கு வைத்திருந்த செல்லப் பெயர் என்ன தெரியுமா? 'பன்னிஃபின்ச்'. டிக்கெட் வாங்கிக்கொண்டு பார்க்கப் போனவர்கள் இரண்டு பெயரையும் சேர்த்து ஒரே பெயராக்கிச் சொன்னார்கள். ஒருத்தரை விட்டுவிட்டு இன்னொருத்தரைச் சொல்ல அவர்களுக்குத் தோன்றவில்லை. நூறு வருஷம் கழித்து நாம் எழுதும்போது முன்பாதி தங்கிவிட்டது, பின்பாதி 'நச்சரிக்கும் மனைவி' ஆகிவிட்டது.

அந்த 'நச்சரிக்கும்' என்ற சொல்லைப் பற்றியும் பேச வேண்டும். மேரி பிரவுன் அந்தப் படத்தில் என்னதான் செய்கிறாள்? கணவன் உளறியதைக் கேட்கிறாள். கேட்டதை வைத்து உடனே சண்டைக்குப் போகவில்லை. உறவுக்காரப் பையன் ஃப்ரெடியை அனுப்பி, கணவன் எங்கே போகிறான் என்று பார்த்துவரச் சொல்கிறாள். உறுதியானதும் தன் வீட்டை மட்டும் யோசிக்காமல், அதே மேசையில் உட்கார்ந்து ஆடுகிற மற்ற ஆண்களின் மனைவிமாருக்கும் சேதி சொல்கிறாள். ஃப்ரெடி தன் பைபிள் வகுப்புப் பையன்களுக்குப் போலீஸ் உடுப்பு மாட்டிக் கூட்டிவருகிறான். ஆட்டம் சூடுபிடித்த நேரத்தில் 'போலீஸ்' உள்ளே புகுகிறது. பின்னாலேயே மனைவிமார் வருகிறார்கள். போலீஸ்காரர்கள் யாரையும் ஸ்டேஷனுக்கு இழுத்துக்கொண்டு போகவில்லை. ஆண்களை மனைவிமாரிடம் ஒப்படைத்துவிட்டுப் போய்விடுகிறார்கள். கடைசியில் ஜார்ஜும் மேரியும் கட்டிக்கொள்கிறார்கள்.

இதற்கு நச்சரிப்பு என்றா பெயர்? காதில் விழுந்ததைச் சரிபார்த்து, பாதிக்கப்பட்டவர்களை ஒன்றுசேர்த்து, ஆள் ஏற்பாடு பண்ணி, நேரம் பார்த்து நடவடிக்கை எடுத்திருக்கிறாள். இதை ஒரு ஆண் செய்திருந்தால் கதைச்சுருக்கத்தில் 'சாமர்த்தியசாலி' என்று எழுதியிருப்போம்.

இன்னொன்றையும் யோசித்துப் பாருங்கள். 1912-இல் நியூயார்க்கில் இருக்கும் மேரி பிரவுனுக்கு ஓட்டு கிடையாது. அந்த மாநிலத்துப் பெண்களுக்கு அது 1917-இல்தான் கிடைத்தது, நாடு முழுவதற்கும் 1920-இல். வீட்டுப் பணம் மேசையில் கரைகிறது என்று அவள் போய் முறையிட ஒரு இடம் இல்லை. நிஜப் போலீஸ் அவளுக்காக வரப்போவதில்லை. அதனால் தனக்கென்று ஒரு போலீஸைத் தயார்பண்ணிக்கொள்கிறாள். அதுவும் எதை வைத்து? பைபிள் வகுப்பை வைத்து. இல்லாத சங்கம் ஒன்றைக் காட்டிக் கணவன் வெளியே போனான். இல்லாத போலீஸைக் காட்டி அவள் அவனை வீட்டுக்குக் கொண்டுவருகிறாள். படத்தின் நகைச்சுவை முழுக்க அந்தச் சரிக்குச் சரியில்தான் இருக்கிறது. 'தப்பிக்கப் பார்க்கும் கணவனின் கதை' என்று எழுதினால் அந்தப் பாதி பார்க்கிறவர் கண்ணில் படாமலே போய்விடும்.

இந்தப் படம் 2011-இல் அமெரிக்க தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது. அதாவது நாடே சேர்ந்து காப்பாற்ற வேண்டிய படம் என்று முடிவாகிவிட்டது. படச்சுருள் பத்திரமாக இருக்கும். அந்த மட்டும் சந்தோஷம்தான். ஏனென்றால் அந்தக் காலத்துச் சுருள்கள் நைட்ரேட், சீக்கிரம் தீப்பிடிக்கும், தீப்பிடிக்காவிட்டால் மக்கிப்போகும். வைட்டகிராஃபின் பழைய நெகட்டிவ்கள் 1910 ஜூலையில் ஒரே தீ விபத்தில் சாம்பலாயின. பன்னியும் ஃபின்சும் சேர்ந்து நடித்தவற்றில் இன்று பார்க்கக் கிடைப்பவை மிகக் கொஞ்சம். முழுநீள அமெரிக்க மௌனப் படங்களிலேயே வெளியான வடிவத்தில் மிஞ்சியவை 14 சதவீதம்தான் என்று அமெரிக்க நாடாளுமன்றத்தின் நூலகமான காங்கிரஸ் நூலகம் 2013-இல் வெளியிட்ட ஆய்வு கணக்குச் சொல்லியது. இந்த ஒரு ரீல் படங்கள் அந்தக் கணக்குக்குள்ளேயே வரவில்லை. இவ்வளவு கஷ்டப்பட்டுக் காப்பாற்றிய ஒன்றுக்குப் பக்கத்தில் எழுதும் இரண்டு வரியிலும் கொஞ்சம் கவனம் வேண்டாமா என்பதுதான் என் கேள்வி.

ஃப்ளோரா ஃபின்சின் பிற்கால வாழ்க்கை எனக்கு வருத்தம் தருவது. பன்னி போன பிறகு சொந்தமாக நிறுவனம் தொடங்கிப் பார்த்தார், எடுபடவில்லை. 1927-இல் வந்த 'தி கேட் அண்ட் தி கேனரி'யில் அத்தையாக வருவார், தெரிந்தவர்கள் பார்த்தவுடன் கண்டுபிடித்துவிடலாம். பேசும் படங்களில் சின்னச் சின்ன வேஷங்கள். 1940 ஜனவரியில் இறந்தார்.

அடுத்து இன்னொருவர். இவர் விஷயத்தில்தான் எனக்குக் கோபமே வருகிறது.

1915-இல் அதே வைட்டகிராஃப் 'ஃபாக்ஸ்-ட்ராட் ஃபினெஸ்' என்று ஒரு படம் எடுத்தது. மனைவிக்கு அப்போது புதிதாக வந்திருந்த ஃபாக்ஸ்-ட்ராட் நடனத்தின்மேல் பைத்தியம். கணவனுக்கு ஆடி ஆடி அலுத்துவிட்டது. கணுக்கால் சுளுக்கிக்கொண்டதாக நடிக்க ஆரம்பிக்கிறான். மனைவி ஒரு நாள் அது நடிப்பு என்று கண்டுபிடித்துவிடுகிறாள். ஆனால் கண்டுபிடித்ததைக் காட்டிக்கொள்ளவில்லை. 'கால் குணமாகும்வரை என் அம்மா வந்து நம்மோடு இருக்கப்போகிறார்' என்று மனைவியின் சேதி ஒரு கடிதத்தில் வருகிறது. அவ்வளவுதான், சுளுக்கு போன இடம் தெரியவில்லை. யாரும் யார்மேலும் எதையும் வீசுவதில்லை, யாரும் வழுக்கி விழுவதில்லை. ஒரு வீட்டுக்குள் இரண்டு பேர் ஒருவரை ஒருவர் எவ்வளவு நுணுக்கமாகத் தெரிந்துவைத்திருக்கிறார்கள் என்பதிலிருந்தே சிரிப்பு வருகிறது. கல்யாணமான யாருக்கும் இது புரியும்.

இந்த மாதிரிப் படங்களை எடுத்த ஜோடிக்கு விளம்பரத்திலும் சரி, உங்கள் பட்டியல்களிலும் சரி, ஒரே பெயர்தான்: 'திரு மற்றும் திருமதி சிட்னி ட்ரூ'. சிட்னி ட்ரூ பெரிய நாடகக் குடும்பத்தில் வந்தவர், ஜான், லயனல், எத்தல் பேரிமோருக்கு மாமன். அந்தத் திருமதிக்கு ஒரு பெயர் உண்டு. லூசில் மெக்வே. மிசௌரி மாநிலத்திலிருந்து வந்தவர். கல்யாணத்துக்கு முன் ஜேன் மாரோ என்ற பெயரில் நடித்தார். 1914-இல் சிட்னியை மணந்தார், வயதில் அவரைவிட ரொம்பச் சின்னவர். இந்தப் படங்களில் அவர் நடித்தது மட்டுமில்லை, கதை எழுதியதிலும் அவர் கை இருந்தது. ஜோடி 1916-இல் மெட்ரோ நிறுவனத்துக்குப் போய் அங்கேயும் இதே மாதிரி ஒரு ரீல் படங்களைத் தொடர்ந்தது. சிட்னியின் முதல் மனைவிக்குப் பிறந்த மகன் விமானியாகப் போருக்குப் போய் 1918-இல் பிரான்சில் கொல்லப்பட்டான். அந்தத் துக்கத்திலிருந்து சிட்னி மீளவேயில்லை, 1919 ஏப்ரலில் அவரும் போய்விட்டார். லூசில் வேலையை விடவில்லை. 1921-இல் 'கசின் கேட்' என்ற படத்தை இயக்கினார். 1925-இல், 35 வயதில், இறந்துபோனார். அந்த இயக்குநர் வேலையிலும் அவர் பெயர் 'திருமதி சிட்னி ட்ரூ'தான்.

ஒரு சின்னத் தகவல். சிட்னியின் முதல் மனைவி கிளாடிஸ் ராங்கினும் எழுத்தாளர். அவர் நாடகம் எழுதியது 'ஜார்ஜ் கேமரன்' என்ற ஆண் பெயரில். ஒரே வீட்டில் அடுத்தடுத்து இரண்டு பெண்கள் எழுதினார்கள். ஒருவர் இல்லாத ஆணின் பெயருக்குப் பின்னால் நின்றார், இன்னொருவர் இருக்கிற ஆணின் பெயருக்குப் பின்னால் நின்றார். இதைப் படித்த அன்று எனக்கு வேறு வேலையே ஓடவில்லை.

எனக்கு வரும் கல்யாணப் பத்திரிகைகளின் உறையில் பாதிக்கு மேல் என் கணவர் பெயர்தான் இருக்கும், எனக்கு 'திருமதி' மட்டும். பழகிப்போன விஷயம். பத்திரிகை எழுதுகிறவர்கள்மேல் கோபமும் இல்லை. ஆனால் உறை அன்றோடு குப்பைக்குப் போய்விடும். காப்பகத்தின் பட்டியல் அப்படியா? நாளைக்கு ஒரு மாணவி 'மௌன காலத்தில் நகைச்சுவை எழுதிய பெண்கள்' என்று தேடினால், லூசில் மெக்வே என்ற பெயரில் ஒன்றும் வராவிட்டால், அவர் இல்லாதவர் ஆகிவிடுகிறார்.

பெயரே இல்லாமல் இருந்தவரும் ஒருவர் உண்டு. பயோகிராஃப் நிறுவனத்தில் இயக்குநர் டி. டபிள்யூ. கிரிஃபித் 1908, 1909-இல் 'ஜோன்ஸ் தம்பதி' என்று ஒரு வரிசை எடுத்தார். ஜான் கம்ப்சன் கணவன், ஃப்ளோரன்ஸ் லாரன்ஸ் மனைவி. ஒரு படத்தில் திருமதி ஜோன்ஸ் வாழ்க்கையிலேயே முதல்முறையாக பிஸ்கட் சுடுகிறாள். நம் ஊர் பிஸ்கட் இல்லை, அமெரிக்காவில் அது மெத்தென்ற சின்ன ரொட்டி. அவளுக்கு அது மெத்தென்று வரவில்லை. கணவனின் ஆபீசுக்கும் கொண்டுபோய் வைக்கிறாள், தின்றவர்கள் ஒவ்வொருவராக வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருள்கிறார்கள். சாதாரணக் கதைதான். ஆனால் அந்தப் படங்கள் ஓடியபோது ஃப்ளோரன்ஸ் லாரன்ஸ் யார் என்று பார்த்தவர்களுக்குத் தெரியாது. பயோகிராஃப் நடிகர்களின் பெயரை வெளியிடாது, பெயர் தெரிந்தால் சம்பளம் ஏற்றிக் கேட்பார்கள் என்று பயம். ஜனங்கள் தாங்களாகவே 'பயோகிராஃப் பெண்' என்று கூப்பிட்டார்கள். தயாரிப்பாளர் கார்ல் லெம்லே அவரைத் தன் கம்பெனிக்கு இழுத்துக்கொண்டு, 1910-இல், டிராம் மோதி அவர் செத்துவிட்டார் என்று கிளம்பிய வதந்தி பொய் என்று பெயர் போட்டு விளம்பரம் செய்து, செயின்ட் லூயிஸ் நகரத்தில் நேரிலும் கொண்டுபோய் நிறுத்திய பிறகுதான் அந்தப் பெயர் ஊருக்கெல்லாம் தெரிந்தது. 1938-இல் அவர் தற்கொலை செய்துகொண்டார். ஹாலிவுட்டில் அவரைப் புதைத்த இடத்தில் 1991 வரை ஒரு கல்கூட இல்லை. நடிகர் ராடி மெக்டவல்தான், தன் பெயரைச் சொல்லாமல், காசு கொடுத்துக் கல் வைத்தார்.

ஜோன்ஸ் படங்கள் மிஞ்சியதே ஒரு தனிக் கதை. அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தில் அப்போது சினிமா என்று ஒரு இனமே கிடையாது, புகைப்படம்தான் உண்டு. அதனால் கம்பெனிகள் படச்சுருளின் ஒவ்வொரு ஃப்ரேமையும் நீள நீளக் காகிதச் சுருளில் பிரதி எடுத்து, புகைப்படமாகக் காங்கிரஸ் நூலகத்தில் பதிந்துவைத்தன. 1912-இல் சட்டம் மாறியதும் அது நின்றுபோனது. நைட்ரேட் எல்லாம் அழிந்த பிறகும் காகிதம் மக்காமல் கிடந்தது. மூவாயிரத்துக்கு மேற்பட்ட படங்கள். 1950-களில் கெம்ப் நைவர் என்பவர் உட்கார்ந்து அந்தக் காகிதங்களை ஃப்ரேம் ஃப்ரேமாகப் படம்பிடித்து மறுபடி சினிமாவாக்கினார். இந்தப் பொறுமை உங்கள் தொழிலுக்கு உரியது. அதை நினைத்தால் உங்கள்மேல் மரியாதை கூடுகிறதே தவிரக் குறையவில்லை. அந்தப் பொறுமையில் கொஞ்சத்தைத்தான் விவரம் எழுதுகிற இடத்திலும் கேட்கிறேன்.

நீங்கள் என்ன பதில் சொல்வீர்கள் என்று யோசித்துப் பார்த்தேன். படத்தில் எப்படி இருக்கிறதோ அப்படித்தானே பதிய முடியும், விளம்பரத்தில் 'திருமதி சிட்னி ட்ரூ' என்று இருந்தால் அது வரலாறு, அதை நாங்கள் அழிக்க முடியாது என்பீர்கள். சரிதான். அழிக்க வேண்டாம். 'அன்று இப்படி விளம்பரம் செய்யப்பட்டது' என்று ஒரு பக்கம் இருக்கட்டும். தலைப்பில் லூசில் மெக்வே என்று போடுங்கள். புனைபெயரில் எழுதியவர்களுக்கு நூலகங்கள் செய்கிற வேலைதானே இது, இரண்டு பெயரையும் இணைத்து வைத்தால் எதில் தேடினாலும் கிடைப்பார்.

இரண்டாவதாக, அந்தப் படங்களே மனைவிமாரைக் கேவலப்படுத்தத்தானே எடுக்கப்பட்டன, நாங்கள் ஏன் நல்ல பெயர் வாங்கிக் கொடுக்க வேண்டும் என்று கேட்கலாம். இதில் பாதி உண்மை. 1901-இல் எடிசன் கம்பெனி 'ஒய் மிஸ்டர் நேஷன் வான்ட்ஸ் எ டிவோர்ஸ்' என்று ஒன்று எடுத்தது. மதுக்கடைகளைக் கோடாலியால் உடைத்துப் பேர்வாங்கிய கேரி நேஷனைக் குறிவைத்த படம். வீட்டில் புருஷன் பிள்ளை பார்த்துக்கொண்டு திண்டாடுகிறான், பாட்டிலைத் திறக்கிறான், மனைவி வந்து அவனை அடிக்கிறாள். அதே வருஷம் அவர் கணவர் நிஜமாகவே விவாகரத்துக்குப் போனார். அந்தப் படத்தில் அந்தப் பெண்மணிக்கு நியாயம் எதுவும் இல்லை, வெறும் வன்மம்தான். அதை நல்ல படம் என்று எழுதச் சொல்லவில்லை. வன்மம் இருந்தால் வன்மம் என்றே எழுதுங்கள். ஆனால் எல்லாவற்றுக்கும் ஒரே முத்திரையைக் குத்தாதீர்கள். பதினோரு வருஷம் கழித்து வந்த மேரி பிரவுன் வேறு ஆள். அடிப்பதில்லை, யோசிக்கிறாள். அதற்கும் மூன்று வருஷம் கழித்து லூசில் மெக்வேயின் மனைவிக்குக் குரலை உயர்த்தும் தேவையே இல்லை, ஒரு கடிதம் போதும். இந்த நகர்வு படங்களில் இருக்கிறது. 'புருஷனை ஆட்டிவைப்பவள்', 'பெண்டாட்டிக்குப் பயந்தவன்' என்று ஒரே இரண்டு சொல்லால் எல்லாவற்றையும் மூடிவிட்டால் அந்த நகர்வு தெரியாமல் போகிறது.

திரையிடல் குழுவினருக்குத் தனியாக ஒரு வார்த்தை. மௌன நகைச்சுவை என்றால் துரத்தல், வழுக்கல், மூஞ்சியில் அப்புகிற க்ரீம் கேக் என்றே நிகழ்ச்சி போடுகிறீர்கள். குழந்தைகள் சிரிப்பார்கள், புரிகிறது. ஒரு தடவையாவது வீட்டுப் படங்களை மட்டும் சேர்த்து ஒரு மாலை நிகழ்ச்சி வையுங்கள். ஜோன்ஸ் தம்பதி ஒன்று, பன்னிஃபின்ச் ஒன்று, ட்ரூ ஜோடி ஒன்று. நேரம் இருந்தால் 1926-இல் சார்லி சேஸ் நடித்த 'மைட்டி லைக் எ மூஸ்'. கணவனுக்குத் துருத்திய பல், மனைவிக்குப் பெரிய மூக்கு. ஒருவருக்கொருவர் தெரியாமல் போய்ச் சரிபண்ணிக்கொண்டு வந்து, வெளியே சந்திக்கும்போது அடையாளம் தெரியாமல் ஒருவர்மேல் ஒருவர் ஆசைப்படுகிறார்கள். மனைவியாக நடித்தவர் விவியன் ஓக்லண்ட், இந்தப் பெயரையும் துண்டறிக்கையில் போடுங்கள். பியானோ வாசிக்க ஆள் கிடைத்தால் நல்லது. கிடைக்காவிட்டாலும் பரவாயில்லை, எங்கள் வீட்டில் பின்னணிக்கு மின்விசிறிச் சத்தம்தான் இருந்தது.

குறை சொல்லிவிட்டு நிற்பது எனக்குப் பிடிக்காது. அதனால் அந்த முதல் படத்துக்கு நானே ஒரு குறிப்பு எழுதிப் பார்த்தேன். இதைவிட நன்றாக உங்களுக்கு எழுத வரும். வேண்டுமானால் அப்படியே எடுத்துக்கொள்ளலாம்:

'எ க்யூர் ஃபார் போக்கரைட்டிஸ். வைட்டகிராஃப், 1912. இயக்கம்: லாரன்ஸ் டிரிம்பிள். நடிப்பு: ஃப்ளோரா ஃபின்ச் (மேரி பிரவுன்), ஜான் பன்னி (ஜார்ஜ் பிரவுன்). சீட்டாடமாட்டேன் என்று சத்தியம் செய்த கணவன், இல்லாத சங்கம் ஒன்றின் பெயரைச் சொல்லிவிட்டு மறுபடி ஆடப் போகிறான். மனைவி அதைக் கண்டுபிடித்து, மற்ற மனைவிமாரையும் ஒரு பைபிள் வகுப்பையும் துணைக்குச் சேர்த்துக்கொண்டு ஆட்டத்தை நிறுத்துகிறாள்.'

நேற்று இதை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். "ஃப்ளோரா" என்று ஒரு தடவை சொல்லிப் பார்த்துக்கொண்டாள். அப்புறம், "அந்தக் கால் சுளுக்குப் படம்னு சொன்னியே, அதைப் போடு" என்றாள்.

இப்படிக்கு,
அன்புடன்,
உங்கள் படங்களைப் பார்த்துவரும் ஒரு ரசிகை